ஒளிர்ற பறவை உண்டா? கேட்டவங்களுக்கு என் பதில்

கேள்வி: அண்ணே, மின்மினி மாதிரி தானா வெளிச்சம் விடுற பறவை எங்கயாவது இருக்கா?

பதில்: இல்ல தம்பி. பத்தாயிரம் இனத்துக்கு மேல இருக்கு, ஒண்ணு கூட சொந்தமா லைட் போடாது. கடல்ல மீனுங்க அந்த வித்தைய வெச்சிருக்கு, தரைக்கு வந்த முதுகெலும்பு ஜீவன் எதுக்கும் அது வாய்க்கல.

கேள்வி: அப்ப பஃபின்னு ஒரு கடல் பறவை, அதோட அலகு பளபளன்னு ஒளிர்ற போட்டோ ஃபேக்கா சார்?

பதில்: ஒரிஜினல் தான், ஆனா டார்ச் அடிச்சு எடுத்தது. 2018ல இங்கிலாந்துல ஜேமி டன்னிங்னு ஒரு பறவை ஆராய்ச்சியாளர் செத்த பஃபின் மேல யூவி லைட் அடிச்சப்ப அலகுல இருக்குற மஞ்சள் பாகம் ஒளிர்ந்துச்சு. யூவிய வாங்கி நம்ம கண்ணுக்குத் தெரியிற கலரா திருப்பி விடுது, டார்ச்ச அணைச்சா அதுவும் அவுட். நாம லவ் பேர்ட்ஸ்னு கூண்டுல வளக்குறோமே பட்ஜி, அதோட தலை மஞ்சள்லயும் இது உண்டு, 2002ல சன்ஸ்கிரீன் தடவி அந்த ஒளிர்வ மட்டும் மங்க வெச்சுப் பாத்தாங்க, ஜோடிக்கு ஆர்வமே கொறஞ்சு போச்சாம்.

கேள்வி: தூக்கணாங்குருவி கூட்டுக்குள்ள களிமண்ணுல மின்மினிய ஒட்டி விளக்கு வெச்சுக்கும்னு எங்க பாட்டி சொல்லும். உண்மையா?

பதில்: எங்க ஆயாவும் அதே கதை தான் சொல்லிச்சு, நானும் பத்து வயசு வரைக்கும் நம்புனேன். கதையில பாதி உண்மை, களிமண் நெசமாவே இருக்கு. ஒரு மழைக்கப்புறம் எங்க ஊரு கெணத்து மேல சாஞ்ச ஈச்ச மரத்துல இருந்து பாதி கட்டுன கூடு ஒண்ணு விழுந்து கெடந்துச்சு, ஹெல்மெட் மாதிரி இருக்குமே அந்த ஸ்டேஜ், உள்பக்கம் தடவிப் பாத்தா கட்டைவிரல் அகலத்துக்குக் காஞ்ச களிமண் அப்பியிருந்துச்சு, பூச்சியும் இல்ல, பூச்சி றெக்கையும் இல்ல. ஆண் குருவி பாதி கூடு முடிஞ்சதும் மண்ணப் பூசும், அந்த நேரத்துல தான் பொட்டை வந்து உள்ள நொழஞ்சு செக் பண்ணும், புடிச்சா ஓகே, இல்லன்னா பறந்துடும். சலீம் அலி 1931லயே இந்தக் குருவியப் பத்தி விலாவாரியா எழுதினார், ஒரே ஆண் பல கூடு கட்டி பல பொட்டையோட சேர்ற கதை எல்லாம் அப்ப வெளிவந்தது தான். மண்ணு எதுக்குன்னு கேட்டா, காத்துல கூடு ரொம்ப ஆடாம கனம் குடுக்கன்னு சிலர் சொல்றாங்க, இன்னும் முடிவாகல. விளக்குக்கு இல்ல, அது ராத்திரியில தூங்குற குருவி, லைட்ட வெச்சு என்ன பண்ணும்?

கேள்வி: ஜெர்மனி காட்டுல றெக்கை எரியிற பறவை இருந்துச்சாமே?

பதில்: ஹெர்சினியான்னு சொல்வாங்க. ரோம் காலத்துல பிளினின்னு ஒரு எழுத்தாளர் எழுதி வெச்சாரு, அந்தக் காட்டுப் பறவைக்கு எறகு ராத்திரியில நெருப்பு மாதிரி மின்னும்னு. அப்புறம் வந்தவங்க அத வழி காட்டுற விளக்காவே ஆக்கிட்டாங்க. நடக்க வாய்ப்பில்ல. வெளிச்சம் உண்டாக கெமிக்கல் ரியாக்‌ஷன் நடக்கணும், அதுக்கு உயிருள்ள செல்லு வேணும், முழுசா வளந்த எறகு நம்ம நகம் மாதிரி செத்த பொருளு. 1907ல இங்கிலாந்துல நார்ஃபோக் பக்கம் வெளிச்சம் விடுற கூகையப் பாத்தோம்னு பல பேர் சொன்னாங்க, மக்கிப்போன மரப்பொந்துல ஒளிர்ற பூஞ்சை றெக்கையில ஒட்டியிருக்கும்னு ஒரு யூகம், புடிச்சு நிரூபிக்க ஆள் இல்ல.

கேள்வி: மின்மினிய நெறையத் தின்னா பறவை ஒளிருமா? (சிரிக்காதீங்க)

பதில்: சிரிக்கல, நல்ல கேள்வி. கடல்ல சில மீன் குட்டி ஒளிரும் உயிரத் தின்னே அந்தச் சரக்க உடம்புல சேத்துக்குது. ஆனா சில மின்மினியில வெஷம் இருக்கு, பறவைங்க துப்பிடும்.

கேள்வி: நான் ஒரு கதைக்காக ஒளிர்ற பறவை ஒண்ண கற்பனை பண்றேன். நம்புற மாதிரி இருக்க என்ன பண்ணலாம் அண்ணா?

பதில்: இதுக்குத் தான் காத்துக்கிட்டிருந்தேன்! மொதல்ல எறக விட்டுடுங்க, வெளிச்சத்த தோல்லயோ வாயிலயோ வைங்க. ஆஸ்திரேலியாவுல கூல்டியன் ஃபின்ச்னு ஒரு குருவி, அதோட குஞ்சு வாயோரத்துல நீல முத்து மாதிரி இருக்கும், பொந்து இருட்டுல துளி வெளிச்சம் பட்டாலும் மின்னும், அம்மாவுக்கு எங்க ஊட்டணும்னு தெரிஞ்சிடும். உங்க பறவைய ஒரு குகையில குடி வெச்சு, குஞ்சு வாயில ஒளிரும் பாக்டீரியாவ வளர விடுங்க, அம்மா எரை ஊட்டும்போதே அது தொத்திக்கட்டும், எறகு மொளச்சதும் அணைஞ்சிடட்டும். ஏன்னா வெளிய வந்தும் மின்னுச்சுன்னா மொத நாளே ஆந்தைக்கு டின்னர். பெரிய பறவை ஒளிராது, குஞ்சு தான் ஒளிரும், அப்படி எழுதுங்க, நான் மொத ஆளா படிக்கிறேன்.

கேள்வி: ராத்திரி பைக்ல போறப்ப ரோட்டுல செவப்பா ரெண்டு கண்ணு எரிஞ்சுது சார், கிட்டப் போனா பறந்துடுச்சு. பேயா?

பதில்: பேய் இல்ல, பக்கின்னு ஒரு ராத்திரிப் பறவை. கண்ணுக்குள்ள பின்பக்கம் கண்ணாடி மாதிரி ஒரு படலம் உண்டு, உங்க ஹெட்லைட் தான் திரும்பி வருது. சூடான தார் ரோட்டுல ஒக்காந்திருக்கும், கடைசி நொடி வரைக்கும் எந்திரிக்காது, டிம் பண்ணிட்டு மெதுவாப் போங்க.