பாலேயின் விறைப்பு – கடிதம்

வணக்கம்,

நடன அமைப்பாளர் ஆண்டனி ட்யூடரின் 'லைலாக் தோட்டம்' பாலேயின் ஒளிப்பதிவைப் பார்த்தேன். காதலனைப் பிரிந்து வேறொருவனை மணக்கப்போகும் பெண்ணின் கதை. ஆனால் யாரும் உடைந்து அழவில்லை. எல்லோரும் முதுகை நிமிர்த்திக்கொண்டு அளவாக ஆடுகிறார்கள். இவ்வளவு துயரத்தைச் சொல்ல இத்தனை விறைப்பான கலை எதற்கு? நவீன நடனமே போதுமே?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

அந்த விறைப்புதான் கதையே. 1936இல் லண்டன் மெர்க்குரி தியேட்டரில் மேடையேறிய படைப்பு அது. கதை ஏழாம் எட்வர்ட் மன்னர் காலத்து (1901–10) விருந்தொன்றில் நடக்கிறது. கரோலினைச் சுற்றியிருப்பவர்களைப் பாருங்கள்: அவளுடைய காதலன், அவள் மணந்தாக வேண்டியவன், அவனுடைய பழைய காதலி. மூவருக்கும் பெயர்கூடக் கிடையாது. யாருக்கு யார் என்பது மட்டும்தான். விருந்தினர் நடமாடிக்கொண்டே இருப்பதால் காதலர்களுக்குச் சேர்ந்தாற்போல் ஒரு நிமிடம் கிடைப்பதில்லை. அங்கே கதறி அழுதால் கதை முடிந்துபோகும்.

நீங்கள் சொல்லும் நவீன நடனத்தின் முன்னோடி மார்த்தா கிரஹாமின் நடனத்தில் துயரம் அடிவயிற்றிலிருந்து உடலைச் சுருட்டும். அபாரமான மொழி அது. ஆனால் கரோலினுக்கு நாலு பேர் முன்னால் அப்படிச் சுருள அனுமதியில்லை. பாலே உடலுக்குச் சொல்லித்தரும் நிமிர்வு அவளுக்கு வீட்டிலேயே பழக்கப்பட்டது.

இந்தப் பாலேக்கு இசையான, பிரெஞ்சு இசையமைப்பாளர் ஷோஸோனின் வயலின் இசை உச்சத்தைத் தொடும் இடத்தை மறுபடி பாருங்கள். வேறு யாராக இருந்தாலும் அங்கே ஒரு தாவல் வைத்திருப்பார்கள். ட்யூடர் எல்லோரையும் சிலையாக நிறுத்திவிடுகிறார். கரோலின் மட்டும் தூக்கத்தில் நடப்பவளைப் போல அசைகிறாள், அப்புறம் தன் இடத்துக்கே திரும்பிவிடுகிறாள். அவளுக்குக் கிடைத்த சுதந்திரம் அவ்வளவுதான். (சிலர் அந்த இடத்தில் முகத்திலும் துக்கத்தைக் கொட்டுவார்கள். எனக்கு அது பிடிப்பதில்லை. உடல் சொன்னதை முகம் மறுபடி எதற்குச் சொல்ல வேண்டும்?)

சரி, கதையே இல்லாத பாலேயில் விறைப்பு இப்படிப் பேசுமா? பேசியிருக்கிறது. 1957இல் நியூயார்க்கில் நடன அமைப்பாளர் பாலன்சின், தன் 'அகோன்' படைப்பில் ஆர்தர் மிட்செல் என்ற கறுப்பினக் கலைஞரையும் டயானா ஆடம்ஸ் என்ற வெள்ளையினப் பெண்ணையும் ஜோடியாக ஆடவைத்தார். ஆண் பெண்ணைத் தாங்கிப் பிடிப்பது பாலேயின் பழைய விதி. அந்த விதிப்படிதான் மிட்செல் ஆடம்ஸின் கையையும் காலையும் பிடித்தார். ஆனால் அன்று அமெரிக்காவின் பல மாநிலங்களில் அப்படிப்பட்ட இருவர் திருமணம் செய்துகொள்வது குற்றம். 1967இல்தான் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டங்களை ரத்து செய்தது. மேடையில் யாரும் எதையும் மீறவில்லை, பார்வையாளர்கள்தான் நெளிய வேண்டியிருந்தது.

அடுத்து 'அகோன்' பாருங்கள். அதிலும் விறைப்பு உண்டு, முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்.