பீட் போசல்த்வெயிட்: கேளுங்கள், சொல்கிறேன்

பிரிட்டிஷ் குணச்சித்திர நடிகர் பீட் போசல்த்வெயிட் (1946–2011) பற்றி வந்த கேள்விகளில், ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துவிட்டுப் பதில் எழுதியிருக்கிறேன். படங்களின் கதை முடிவுகளும் இதில் வரும். பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள்.

'இன்செப்ஷன்' படத்தில் சாகக் கிடக்கும் அப்பாவாக வருகிறாரே, அவர்தானா? கொஞ்ச நேரம்தானே வருகிறார், அதில் என்ன பெரிதாகச் செய்துவிட முடியும்? (கோயம்புத்தூர்)

அவரேதான். அந்தக் கடைசிக் காட்சியை மட்டும் இன்னொரு முறை போட்டுப் பாருங்கள். மகனாக வரும் கிலியன் மர்ஃபி கட்டில் பக்கத்தில் குனிகிறார். 'உங்களைப் போல என்னால் ஆக முடியாததில் உங்களுக்கு ஏமாற்றம், எனக்குத் தெரியும்' என்கிறார். கிழவர் தலையை லேசாக அசைத்து மறுக்கிறார். 'நீ அதற்கு முயற்சி செய்ததில்தான் ஏமாற்றம்' என்பது மூச்சோடு மூச்சாக வருகிறது. அப்புறம் பெட்டகத்தைக் காட்டுகிறார், உள்ளே சிறு வயதுக் காகிதக் காற்றாடி. அத்தனை பெரிய படத்தின் திட்டமே அந்த மகன் அழுவதில்தான் நிற்கிறது. அவனை அழ வைப்பது இவர். என்னைக் கேட்டால், போசல்த்வெயிட் நடித்ததில் சிறந்தவை எல்லாமே அப்பா வேடங்கள்தான். கீழே வரும் பதில்களிலும் அதையேதான் திரும்பத் திரும்பச் சொல்லப்போகிறேன்.

முதலில் வாத்தியாராக இருந்தார் என்கிறார்களே, உண்மையா? (தஞ்சாவூர்)

உண்மைதான். வாரிங்டனில் தொழிலாளர் குடும்பம், கத்தோலிக்கர்கள். பாதிரியாராகும் எண்ணம்கூட இருந்தது. ஆசிரியர் பயிற்சி முடித்து, மான்செஸ்டரில் ஒரு கான்வென்ட் பள்ளியில் நாடகம் சொல்லிக்கொடுத்தார். அதை விட்டுவிட்டுத்தான் பிரிஸ்டல் ஓல்டு விக் நாடகப் பள்ளியில் சேர்ந்தார். 70களில் லிவர்பூல் எவ்ரிமேன் தியேட்டர். ஜூலி வால்டர்ஸ், பில் நை, ஜொனாதன் பிரைஸ், ஆண்டனி ஷெர் எல்லோரும் அங்கே வளர்ந்த நடிகர்கள்தான்.

'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' உண்மைக் கதைதானா? அப்பாவும் மகனும் நிஜமாகவே ஒரே அறையில் இருந்தார்களா? (மதுரை)

கதை உண்மை, ஒரே அறை என்பது மட்டும் இல்லை. 1974இல் இங்கிலாந்தில் நடந்த கில்ஃபோர்டு குண்டுவெடிப்பு வழக்கில், செய்யாத குற்றத்துக்காக ஜெரி கான்லன் மாட்டியதும், அவருக்கு உதவ பெல்ஃபாஸ்டிலிருந்து வந்த அப்பா ஜுசெப்பேயையும் வேறொரு வழக்கில் பிடித்துப் போட்டார்கள். இரண்டும் தனித்தனி விசாரணைகள். படம் அவற்றை ஒன்றாக்கி, இருவரையும் ஒரே அறையில் அடைத்துவிட்டது. ஜுசெப்பே 1980இல் கைதியாகவே இறந்தார். மகன் 1989இல் வெளியே வந்தார். குற்றமற்றவர் என்று அப்பாவின் தண்டனை ரத்தானது 1991இல்.

இந்த மாற்றத்தைக் குறை சொல்பவர்கள் உண்டு. எனக்கு அதில் வருத்தமில்லை, ஏனென்றால் படத்தின் உயிரே அந்த அறைதான். 'சின்ன வயதில் நான் பந்தாட்டத்தில் ஜெயித்தபோதுகூட நீ குறைதான் கண்டுபிடித்தாய்' என்று ஜெரியாக வரும் டேனியல் டே லூயிஸ் கத்தித் தீர்க்கும் காட்சியில், ஜுசெப்பேயாக வரும் போசல்த்வெயிட்டை மட்டும் பாருங்கள். பதிலுக்கு ஒரு வார்த்தை பேசத் துடிப்பதில்லை. காது கொடுத்துக் கேட்கிறார், அவ்வளவுதான். மகனுக்கு எரிச்சல் ஏறுவதும் அதனால்தான், கடைசியில் அடங்குவதும் அதனால்தான். இந்த வேடத்துக்கு ஆஸ்கர் துணை நடிகர் பரிந்துரை கிடைத்தது. விருதை டாமி லீ ஜோன்ஸ் வாங்கினார்.

எப்போதும் நல்ல அப்பாதானா? (சேலம்)

'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்' (1988) பாருங்கள். லிவர்பூல் வீடு, குடும்பத்தையே அடித்து நடுங்க வைக்கும் தகப்பன். கிறிஸ்துமஸுக்கு முந்தின இரவு, தூங்கும் பிள்ளைகளை அத்தனை மென்மையாகப் பார்க்கிறான். மறுநாள் சாப்பாட்டு மேசையில் எல்லோரும் உட்கார்ந்திருக்க, விரிப்பைச் சுருட்டிப் பிடித்து ஒரே இழுப்பு. தட்டெல்லாம் தரையில். 'இதைச் சுத்தம் பண்ணு' என்று மனைவியைப் பார்த்துக் கத்துகிறான். இரண்டும் ஒரே ஆள் செய்வதுதான் என்று நம்மை நம்ப வைக்கிறார் பாருங்கள், ஜுசெப்பேயைவிட இது கடினமான வேலை என்று நினைக்கிறேன்.

'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' படத்தில் ஒரு வெள்ளைக்காரருக்கு ஏன் கோபயாஷி என்று பெயர்? (நாகர்கோவில்)

கதை சொல்பவன் காபிக் கோப்பையின் அடியில் படித்த பெயர் அது. ஆள் எந்த ஊர் என்று பிடிபடாதபடி பேச்சையும் நடையையும் வைத்திருப்பார். முடிவு தெரிந்த பிறகு பார்த்தால் அது எவ்வளவு சரி என்று புரியும்.

'பிராஸ்ட் ஆஃப்' பற்றிச் சொல்லுங்களேன். அரசியல் தெரியாமல் பார்த்தால் புரியுமா? (சென்னை)

புரியும். ஆனால் இவ்வளவு தெரிந்திருந்தால் நல்லது: 1992 அக்டோபரில், பிரிட்டன் அரசு 31 நிலக்கரிச் சுரங்கங்களை மூடப்போவதாக அறிவித்தது. சுமார் 30,000 பேருக்கு வேலை போகும். அதே மாதம் கிரைம்தார்ப் சுரங்கத் தொழிலாளர்களின் பித்தளை வாத்தியக் குழு லண்டனில் தேசியப் போட்டியில் ஜெயித்தது. அடுத்த ஆண்டு அந்தச் சுரங்கம் மூடப்பட்டது. படத்துக்கு வாசித்ததும் அந்தக் குழுதான்.

படத்தில் இதே போன்ற ஒரு சுரங்கக் குழுவை நடத்தும் டேனிதான் போசல்த்வெயிட். நுரையீரல் முழுக்கக் கரித்தூள், இருமினால் கைக்குட்டை கறுப்பாகிறது. அந்த மனுஷனுக்கு வாசிப்பைத் தவிர வேறு எதுவும் கண்ணில் படுவதில்லை. சொந்த மகன் கடனில் மூழ்குவதுகூடத் தெரியவில்லை. ஆஸ்பத்திரி ஜன்னலுக்குக் கீழே, தலையில் சுரங்க விளக்குகளோடு குழு வந்து வாசிக்கும்போது அவர் முகத்தைக் கவனியுங்கள். கடைசியில் ஆல்பர்ட் ஹாலில் ஜெயித்த கோப்பையை வேண்டாம் என்கிறார். 'இசைதான் முக்கியம் என்று நினைத்தேன், மனிதர்களைவிட அது பெரிதில்லை' என்று அவர் பேசுவதில் மேடைப் பேச்சின் வாடையே இல்லை. அந்த நிமிஷத்தில்தான் அவருக்கே புரிகிறது என்கிற மாதிரி, வார்த்தைகளைத் தேடித் தேடிப் பேசுகிறார்.

ஸ்பீல்பெர்க் இவரை உலகின் சிறந்த நடிகர் என்றாராமே? (ஈரோடு)

ஆமாம். 1997இல் வந்த 'தி லாஸ்ட் வேர்ல்ட்', 'அமிஸ்டாட்' இரண்டிலும் இவரை வைத்து எடுத்தார். ஆனால் அந்த டைனோசர் படத்தை வைத்து இவரை எடை போடாதீர்கள்.

பேர் கிடைத்த பிறகு நாடகத்தை விட்டுவிட்டாரா? (புதுச்சேரி)

விடவே இல்லை. 'ஸ்காரமூஷ் ஜோன்ஸ்' என்ற தனிநபர் நாடகத்தை நாடு நாடாகக் கொண்டுபோனார். 2008இல் அதே எவ்ரிமேன் மேடைக்குத் திரும்பி ஷேக்ஸ்பியரின் லியர் மன்னனாக நடித்தார். மகள்களிடம் ஏமாறும் கிழட்டு அப்பா, வேறென்ன! கேள்விக்கு வெளியே இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன்: 2004இல் அரசு கொடுத்த ஓபிஇ பட்டத்தை, கிங்ஸ்நார்த்தில் புதிய நிலக்கரி மின்நிலையத்துக்கு அனுமதி கொடுத்தால் திருப்பித் தந்துவிடுவேன் என்று 2009இல் வெளிப்படையாகச் சொன்னார். அந்த மின்நிலையம் கட்டப்படவில்லை.

புதிதாகப் பார்ப்பவர்கள் எதில் தொடங்கலாம்? (திருநெல்வேலி)

'பிராஸ்ட் ஆஃப்', அடுத்து 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்', மனசு தெம்பாக இருக்கும் நாளில் 'டிஸ்டன்ட் வாய்சஸ்'. பிறகு 'தி டவுன்' (2010). அதில் ரோஜாக் காம்புகளை நறுக்கிக்கொண்டே மிரட்டும் பூக்கடைக்காரர் இவர். புற்றுநோயில் இறந்த பிறகு பாஃப்டா (பிரிட்டிஷ் திரைப்பட விருது) பரிந்துரை வந்தது இந்த வேடத்துக்குத்தான். வசனம் காதில் சரியாக விழாவிட்டால் சப்டைட்டில் போட்டுக்கொள்ளுங்கள், வட இங்கிலாந்துப் பேச்சு பழகக் கொஞ்ச நேரமாகும்.