கடல் தாண்டிய பிரெஞ்சு: ஆங்கிலோ-நார்மன் இலக்கியம், சில கேள்விகள்

கேள்வி: சார், ஆங்கிலோ-நார்மன் என்பது மொழியா, காலகட்டமா? எங்கள் பாடத்தில் ஒரே வரியில் தாண்டிப் போய்விட்டார்கள்.

பதில்: மொழிதான். 1066இல் நார்மண்டியின் கோமகன் வில்லியம் ஹேஸ்டிங்ஸ் போரில் வென்று இங்கிலாந்துக்கு அரசனானான். அவனோடு வந்தவர்கள் பேசிய வடபிரான்சுப் பேச்சு அங்கேயே வேர்விட்டு, பிரபுக்கள் வீட்டிலும் மடங்களிலும் நீதிமன்றத்திலும் முன்னூறு ஆண்டுக்கு மேல் எழுதப்பட்டது. அந்தப் பிரெஞ்சுக்குத்தான் இந்தப் பெயர்.

அதன் தடம் நம் வாயிலும் இருக்கிறது. மிக்ஸி வாங்கும்போது 'வாரண்டியா, கியாரண்டியா' என்று கேட்கிறோமே, இரண்டுக்கும் வேர் ஒன்றுதான். நார்மன்காரர் 'வ' என்று தொடங்கிய சொல்லைப் பாரிஸ் பக்கத்தார் 'க' என்று தொடங்கினார்கள். ஆங்கிலம் இரண்டு வீட்டிலும் கடன் வாங்கி, இரண்டையும் வைத்துக்கொண்டது. வார்டன், கார்டியன் கதையும் இதேதான்.

கேள்வி: ஆள வந்தவர்களின் மொழி, சரி. இலக்கியம் பிரான்சிலிருந்து இறக்குமதிதானே?

பதில்: நானும் வெகுநாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். விஷயம் கிட்டத்தட்ட தலைகீழ். பிரெஞ்சு மொழியில் நமக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய வரலாற்று நூல் இங்கிலாந்தில் எழுதப்பட்டது: 1130களில் கைமார் செய்யுளில் எழுதிய 'ஆங்கிலேயர் வரலாறு'. விலங்குகளைப் பற்றிய மிகப் பழைய பிரெஞ்சு நூலும் அப்படித்தான். முதலாம் ஹென்றியின் அரசி அடெலிசாவுக்காக ஃபிலிப் த தாவோன் பாடியது. பிரான்சின் தேசியக் காவியம் என்று கொண்டாடப்படும் ரோலண்ட் பாடலின் மிகப் பழைய பிரதி எங்கே இருக்கிறது? ஆக்ஸ்ஃபோர்டில். பாடல் பிறந்தது வேறிடமாக இருக்கலாம். 12ஆம் நூற்றாண்டில் அதை எழுதி வைத்த கை இங்கிலாந்துக் கை, எழுத்துநடையும் ஆங்கிலோ-நார்மன்.

ஏன் இப்படி? நார்மன்கள் வருவதற்கு முன்பே இங்கிலாந்தில் மக்கள் மொழியில் எழுதும் பழக்கம் இருந்தது. சட்டம், சரித்திரம், பிரசங்கம் எல்லாம் பழைய ஆங்கிலத்தில் ஏட்டில் ஏறியிருந்தன. பிரான்சிலோ எழுத்து என்றால் பெரும்பாலும் லத்தீன். 'பேசும் மொழியிலும் புத்தகம் எழுதலாம்' என்பதை நார்மன்கள் தோற்றவர்களிடமிருந்துதான் கற்றுக்கொண்டார்கள் என்று சில ஆய்வாளர்கள் வாதிடுகிறார்கள். எனக்கு அது சரியென்றே படுகிறது. கைமாரே பழைய ஆங்கில ஆண்டுக்குறிப்புகளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டுதானே எழுதினார்!

கேள்வி: நாடகம் உண்டா அண்ணா? நான் தெருக்கூத்துக்காரன் மகன், அதனால் கேட்கிறேன்.

பதில்: உங்களுக்காகவே ஒன்று இருக்கிறது. 12ஆம் நூற்றாண்டின் 'ஆதாம் நாடகம்'. இங்கிலாந்தில் எழுதப்பட்டது என்பது பலருடைய கருத்து. வசனம் பிரெஞ்சில், மேடைக்குறிப்பு லத்தீனில். அந்தக் குறிப்புகளைப் படித்தால் வாத்தியார் பக்கத்தில் நின்று அதட்டுவது போலவே இருக்கும். வசனத்தை அவசரப்படவும் கூடாது, இழுக்கவும் கூடாது. ஓர் அசை கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது. சொர்க்கம் என்று சொன்னால் அந்தப் பக்கம் பார்த்துக் கைகாட்ட வேண்டும். சொர்க்கத்தை உயரத்தில் கட்டி, பட்டுத்திரையால் சூழ்ந்து, உள்ளே நிற்பவர்களின் தோளும் தலையும் மட்டும் தெரியும்படி வைக்கச் சொல்கிறது. பிசாசு வேஷக்காரர்கள் களமெங்கும் ஓடித் திரிய வேண்டும். ஆதாமையும் ஏவாளையும் நரகத்துக்குள் இழுத்துப் போனதும் புகை கிளப்பி, அண்டாவையும் குண்டாவையும் தட்டி முழக்க வேண்டும்.

கேள்வி: பெண்கள் எழுதினார்களா?

பதில்: எழுதினார்கள், எழுதவும் வைத்தார்கள். பார்க்கிங் மடத்துக் கன்னியர் கிளெமென்ஸ் புனித கேத்தரின் வாழ்க்கையைப் பாடினார். அதே மடத்தில் பெயர் சொல்லாத இன்னொருவர், தான் அறிந்தது 'இங்கிலாந்தின் பொய்ப் பிரெஞ்சு' என்று அவையடக்கம் சொல்லிவிட்டு அரசர் எட்வர்டின் கதையைத் தொடங்குகிறார். கைமாரை எழுத வைத்தவர் கான்ஸ்டன்ஸ் என்ற சீமாட்டி. அவர் இல்லையென்றால் நூலை முடித்திருக்கவே மாட்டேன் என்கிறார் கைமார். முதலாம் ஹென்றியைப் பற்றிய வேறொரு நூலைப் பிரதி எடுக்க அந்த அம்மாள் ஒரு மார்க் வெள்ளி கொடுத்தாராம், அதைத் தன் அறையில் அடிக்கடி வாசிப்பாராம். அந்த நூல் இன்று இல்லை.

பெரிய பெயர், கவிஞர் மாரி த ஃபிரான்ஸ். 'என் பெயர் மாரி, ஊர் பிரான்ஸ்' என்று ஓரிடத்தில் சொல்கிறார். பிரான்சிலேயே உட்கார்ந்திருப்பவர் அதைச் சொல்ல வேண்டிய அவசியம் என்ன? இங்கிலாந்தில் இருந்து எழுதினார் என்று நம்ப இதுவும் ஒரு காரணம்.

கேள்வி: வயலில் உழுதவனுக்கு இதெல்லாம் புரிந்திருக்குமா?

பதில்: புரிந்திருக்காது. அவன் மொழி கடைசிவரை ஆங்கிலம்தான். 13ஆம் நூற்றாண்டில் பிரபு வீட்டுப் பிள்ளைகளுக்கே பிரெஞ்சைச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருந்தது. வால்டர் ஆஃப் பிபஸ்வர்த் என்பவர் ஒரு சீமாட்டியின் பிள்ளைகளுக்காக எழுதிய பாடச்செய்யுள் இருக்கிறது. வரிகளுக்கு மேலே ஆங்கிலத்தில் பொருள். நம் பள்ளிக்கூடத்தில் ல, ள, ழ சொல்லிக்கொடுப்பது போல அவர் பயிற்சி தருகிறார்: ஏறக்குறைய ஒரே ஒலியில் உதடு, முயல், பவுண்டு, புத்தகம் என நான்கு சொற்கள், முன்னால் 'ல' போடுவதா 'லா' போடுவதா என்பதில் தவறினால் உதடு முயலாகிவிடும்.

கேள்வி: சார், இந்தியா எங்காவது வருகிறதா?

பதில்: வருகிறது. தாமஸ் ஆஃப் கென்ட் பாடிய அலெக்சாண்டர் கதையில் போரஸ் வருகிறார். அதைவிடச் சுவை, 14ஆம் நூற்றாண்டின் மாண்டவில் பயண நூல். அதன் மூலப் பிரெஞ்சு இங்கிலாந்துடையதா, ஐரோப்பாக் கரையுடையதா என்ற சண்டை இன்னும் ஓயவில்லை. அதில் 'மபரோன்' நாடு வருகிறது. அரபிகள் 'மஅபர்' என்ற நம் சோழமண்டலக் கரைதான் அது. அங்கே புனித தோமையாரின் கல்லறை. ஊர் மயிலாப்பூர் என்று அடையாளம் காண்கிறார்கள். வழக்கு வந்தால் இரு தரப்பும் தங்கள் மனுவை அவர் கையில் வைப்பார்களாம். பொய் மனுவை அந்தக் கை வீசி எறிந்துவிடுமாம்! எழுதியவர் இந்தப் பக்கம் வந்ததாகத் தெரியவில்லை. பிறர் நூல்களிலிருந்து எடுத்துக் கோத்த சரக்கு.

கேள்வி: எப்போது ஒழிந்தது இந்த மொழி?

பதில்: இலக்கியத்தில் 1400 வாக்கில். சாசர் ஆங்கிலத்தில் எழுதிய காலத்தில் அவர் நண்பர் கோவர் பிரெஞ்சிலும் பல ஆயிரம் வரி எழுதிக்கொண்டிருந்தார். வக்கீல்கள்தான் விடவில்லை. மக்களுக்குப் பிரெஞ்சு புரியவில்லை, ஆங்கிலத்தில் வாதாடுங்கள் என்று 1362இல் சட்டம் வந்தது. அந்தச் சட்டமே பிரெஞ்சில்தான் எழுதப்பட்டிருந்தது! ஆங்கிலத்தை நிலையாகக் கட்டாயமாக்கிய சட்டம் 1731இல்தான் வந்தது.

நடுவில் அந்த மொழி என்ன கதிக்கு வந்தது என்பதற்கு ஒரு சாட்சி. 1631இல் சாலிஸ்பரியில் ஒரு கைதி நீதிபதி மேல் கல்லெறிந்தான். வழக்குக் குறிப்பு சொல்கிறது: 'ஜெக்ட் அன் பிரிக்பேட் அ ல தி ஜஸ்டிஸ் க நேரோலி மிஸ்ட்.' செங்கல் துண்டை எறிந்தான், மயிரிழையில் தப்பியது என்று அர்த்தம். நம் தங்கிலீஷ் தோற்றது போங்கள். இன்றும் நாடாளுமன்ற மசோதாவுக்கு அரசர் ஒப்புதல் தந்தால், 'ல ருவா ல வே' (அரசர் விரும்புகிறார்) என்றுதான் அறிவிக்கிறார்கள்.

கேள்வி: ஒன்றே ஒன்று படிக்க வேண்டுமென்றால்?

பதில்: மாரியின் 'லாவ்ஸ்திக்' என்ற கதைப்பாட்டு. 160 வரிதான், ஆங்கில மொழிபெயர்ப்புகள் நிறைய உண்டு. கணவன் தூங்கியதும் ஒருத்தி எழுந்து ஜன்னலருகே நிற்கிறாள். எதிர் ஜன்னலில் காதலன். ஏன் எழுகிறாய் என்று கணவன் கேட்டால், நைட்டிங்கேல் பறவையின் பாட்டைக் கேட்க என்கிறாள். அவன் பறவையைக் கண்ணி வைத்துப் பிடித்து, அவள் கண்ணெதிரே கழுத்தை முறித்து அவள்மேல் வீசுகிறான். மார்புப் பக்கம் சட்டையில் ரத்தக்கறை. அவள் அதைப் பட்டில் சுற்றிக் காதலனுக்கு அனுப்புகிறாள். அவன் பொன்னும் மணியும் இழைத்த சிறு பேழை ஒன்று செய்வித்து, பறவையை அதில் வைத்து மூடி, போகுமிடமெல்லாம் கூடவே எடுத்துப் போகிறான்.