டெனாலிசிஸ்: சிதைப்பா, விடுவிப்பா?

வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: நான் விசைத்தறி ஓட்டுகிறேன். ஐந்து மாதங்களுக்கு முன்பு கத்தி நழுவி, இடது கைச் சுட்டுவிரலின் அடிக்கணுவில், உள்ளங்கைப் பக்கமாக ஆழமாக வெட்டுப்பட்டது. நரம்பு அறுந்துவிட்டது என்று சொல்லி அன்றைக்கே தையல் போட்டார்கள். புண் ஆறிவிட்டது, ஆனால் விரல் பாதிக்கு மேல் மடங்குவதில்லை. வலது கையால் பிடித்து மடக்கினால் உள்ளங்கையைத் தொடுகிறது. இப்போது ‘டெனாலிசிஸ்’ செய்ய வேண்டும் என்று எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். என் மகள் அதைக் கைப்பேசியில் தமிழாக்கிப் பார்த்தபோது ‘தசைநாண் சிதைவு’ என்று வந்தது. தைத்ததையே சிதைக்கப் போகிறார்களா? இந்தச் சொல்லுக்கு உண்மையில் என்ன பொருள்?
(வாசகர், சோமனூர்)

பதில்: இல்லை. தைத்த நாணை அப்படியே வைத்துக்கொண்டு, அதைச் சுற்றிப் பிடித்திருக்கும் ஒட்டுகளை மட்டும் பிரித்தெடுக்கப் போகிறார்கள். ஆனாலும் உங்கள் மகளின் கைப்பேசியை மட்டும் குறை சொல்வதற்கில்லை. அந்தப் பிழைக்குப் பின்னால் நம் கலைச்சொல் வழக்கம் ஒன்று இருக்கிறது; ஆகவே சொல்லிலிருந்தே தொடங்குகிறேன்.

டெனாலிசிஸ் என்பது இரண்டு கிரேக்கச் சொற்களின் கூட்டு. ‘டெனோன்’ என்றால் தசைநாண்; இழுத்து விறைப்பாக்குதல் என்னும் பொருளுடைய வினையோடு உறவுள்ள சொல் அது. ‘லைசிஸ்’ என்றால் அவிழ்த்தல், தளர்த்தல், விடுவித்தல். முடிச்சை அவிழ்ப்பதையும் கைதியை விடுவிப்பதையும் கிரேக்கர் ஒரே வினையால் சொன்னார்கள். பின்னாளில் வேதியியலும் உயிரியலும் அந்தச் சொல்லை எடுத்துக்கொண்டு, ஒன்றாக இருந்த பொருள் கூறுகூறாகப் பிரிவதற்குப் பயன்படுத்தின. அதனால் நம் பாடநூல்களில் எலக்ட்ராலிசிஸ் ‘மின்னாற்பகுப்பு’ ஆயிற்று. செல்கள் உடைந்து அழிவதைச் சொல்லும் இடங்களில் லைசிஸ் ‘சிதைவு’ ஆயிற்று. அந்தப் பழக்கத்தில் ஊறிய மொழிபெயர்ப்புக் கருவி தசைநாணுக்கும் அதையே கொண்டுவந்து பொருத்திவிட்டது. சிறுநீரகம் பழுதானவர்களுக்குச் செய்கிற டயாலிசிசிலும் இருப்பது இதே லைசிஸ்தான். அங்கே எதையும் சிதைப்பதில்லை, இரத்தத்திலிருந்து கழிவைப் பிரிக்கிறார்கள். தமிழில் எழுத வேண்டுமானால் ‘தசைநாண் விடுவிப்பு’ என்றே நான் எழுதுவேன்.

அடுத்து, உங்களிடம் சொல்லப்பட்ட ‘நரம்பு’. கொங்கு நாட்டுப் பேச்சில், ஏன், தமிழ்நாடு முழுவதிலுமே, புறங்கையில் புடைத்துத் தெரியும் இரத்தக்குழாயும் நரம்பு, மணிக்கட்டில் கயிறு போலத் தட்டுப்படும் தசைநாணும் நரம்பு, மூளைக்கும் உடலுக்கும் நடுவே செய்தி கடத்தும் நரம்பும் நரம்பு. இதைப் படிக்காதவர்களின் பிழை என்று ஒதுக்க எனக்கு மனமில்லை. யாழின் தந்தியைப் பழந்தமிழ் நரம்பு என்றே அழைத்தது. கிரேக்கரும் இப்படித்தான் இருந்தார்கள்: ‘நியூரான்’ என்ற அவர்களுடைய சொல் முதலில் தசைநாணையும் வில்லின் நாணையும் குறித்துவிட்டு, பிறகுதான் இன்றைய நரம்புக்கு உரியதாயிற்று. தகடாக விரிந்த தசைநாணுக்கு மருத்துவர்கள் இன்றும் வழங்கும் ‘அப்போநியூரோசிஸ்’ என்ற பெயரில் அந்தப் பழைய பொருள் இன்னும் இருக்கிறது. ஆனால் அறுவைக்கு ஒப்புதல் கையெழுத்துப் போடும் இடத்தில் இந்தக் குழப்பம் ஆகாது. விரல் நுனி மரத்துக் கிடந்தால் நரம்பைப் பார்க்க வேண்டும். உணர்ச்சி இருந்தும் விரல் மடங்காவிட்டால் தசைநாணைப் பார்க்க வேண்டும். ஒரே வெட்டில் இரண்டும் அறுபடுவதும் உண்டு என்பதால், எதை எதைத் தைத்தார்கள் என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

இனி, உள்ளே என்ன நடந்திருக்கிறது என்பதற்கு வருவோம். விரலை மடக்கும் முக்கியமான தசைகள் விரலில் இல்லை, முன்கையில் இருக்கின்றன. அங்கிருந்து, கட்டைவிரல் நீங்கலாக ஒவ்வொரு விரலுக்கும் இரண்டு மடக்கு நாண்கள் வருகின்றன. ஒன்று விரலின் நடு எலும்போடு நின்றுவிடும், மற்றொன்று நுனி எலும்பு வரை போகும். இரண்டும் ஒரு குறுகிய உறைக்குள் நெருங்கிக் கிடந்து, ஒன்றின்மீது ஒன்று வழுக்கி ஓட வேண்டும். அறுந்த நாண் தைத்தபின் ஆறும்போது, தையல் போட்ட இடத்தில் மட்டும் தழும்பு வளர்வதில்லை; நாணையும் உறையையும் அடியிலுள்ள எலும்பையும் அது சேர்த்துப் பிடித்துக்கொள்கிறது. நீங்கள் தறிக்காரர், ஆதலால் பாவுக்குக் கஞ்சி போடுவதை நினைத்துப் பாருங்கள். இழைக்கு வலுவேற்றும் அதே கஞ்சிதான், உலரும்போது பக்கத்து இழைகளையும் ஒட்டவைக்கிறது. கோல் கொடுத்து இழை இழையாகப் பிரித்தால்தான் விழுதிலும் அச்சிலும் பாவு ஓடும். பிரிக்கிற வேகத்தில் இழை அறுந்தால் பாவு கெட்டது. டெனாலிசிஸ் செய்பவரின் கவலையும் ஏறக்குறைய இதுதான்.

உங்களுக்கு வெட்டுப்பட்ட இடமும் பொல்லாதது. உள்ளங்கையின் மேல் ரேகையிலிருந்து விரலின் நடு எலும்பு வரையுள்ள பகுதியைக் கை அறுவை மருத்துவர்கள் இரண்டாம் மண்டலம் என்பார்கள். போர்முனையில் இரு படைகளுக்கும் நடுவே எவரும் கால் வைக்க முடியாமல் கிடக்கும் நிலத்தின் பெயரை, ஸ்டெர்லிங் பன்னெல் என்ற அமெரிக்க மருத்துவர் இந்தப் பகுதிக்கு வைத்தார். அவர் காலத்தில் அங்கே தைத்த நாண்கள் பெரும்பாலும் ஒட்டிப்போய்ப் பயனற்றுவிடும். இன்று தையல் முறையும் தைத்த சில நாட்களிலேயே தொடங்கும் பயிற்சியும் எவ்வளவோ முன்னேறிவிட்டன. இருந்தாலும், குறுகிய உறைக்குள் இரண்டு நாண்கள் என்ற அமைப்பை யாரும் மாற்ற முடியாது.

உங்கள் கடிதத்தில் எனக்கு மிகப் பயன்பட்ட வரி, வலது கையால் மடக்கினால் உள்ளங்கையைத் தொடுகிறது என்பதுதான். பிறர் மடக்கினால் மடங்குகிறது, தானாக மடங்கவில்லை என்றால், மூட்டு நன்றாக இருக்கிறது, நாண் ஓடவில்லை என்று பொருள். எப்படி மடக்கினாலும் மடங்காத விரலில் மூட்டே இறுகியிருக்கும். அதற்கு டெனாலிசிஸ் மட்டும் போதாது. இந்த வேறுபாட்டைப் பார்த்துத்தான், கூடவே தைத்து மூன்று மாதங்களாவது கடந்துவிட்டனவா, மேல்தோல் இளகியிருக்கிறதா, பிசியோதெரபியில் இனி முன்னேற்றம் இல்லை என்பது உறுதியா என்றெல்லாம் பார்த்துத்தான் மருத்துவர்கள் இந்த அறுவைக்குச் சம்மதிக்கிறார்கள். ஐந்து மாதம் என்பது அந்தக் கணக்கிற்குள் வருகிறது.

அறுவையின்போது, முடிந்தவரை நோயாளியை விழித்திருக்கவைத்து, கையை மட்டும் மரக்கச்செய்து, ஒட்டுகளைப் பிரித்துக்கொண்டே ‘இப்போது மடக்குங்கள்’ என்று கேட்பது பல கை அறுவை மருத்துவர்களின் வழக்கம். நாண் எவ்வளவு ஓடுகிறது என்பதற்கு அதைவிட நல்ல சான்று இல்லை. பிரிக்கும்போது நாணை எலும்போடு அணைத்துப் பிடித்திருக்கும் நார்வளையங்களைக் காப்பாற்ற வேண்டும். மருத்துவத்தில் அவற்றைக் கப்பி என்கிறார்கள். ஆனால் கிணற்றுக் கப்பி போலச் சுழலும் சக்கரம் எதுவும் அங்கே இல்லை. கட்டைவிரல் நீங்கலாக ஒவ்வொரு விரலிலும் இப்படி ஐந்து பெரிய வளையங்கள் இருக்கின்றன; அவற்றில் இரண்டாவதும் நான்காவதும் இன்றியமையாதவை. அவை போய்விட்டால் விரலை மடக்கும்போது நாண் எலும்பை விட்டு எழும்பி, வில்லில் பூட்டிய நாண் போல நிற்கும். இழுத்த இழுப்பெல்லாம் அதிலேயே வீணாகிவிடும். தசைநாண் என்று பெயர் வைத்தவர் வில்லை நினைத்துத்தான் வைத்திருப்பார் போலும்.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்ல வேண்டும். இந்த அறுவையில் பாதி வேலை, அறுவைக்கூடத்தை விட்டு வந்த பிறகுதான் தொடங்குகிறது. பெரும்பாலும் ஓரிரு நாட்களுக்குள், வலி இருக்கும்போதே, சொல்லிக்கொடுத்தபடி விரலை அசைக்கத் தொடங்க வேண்டும். இல்லையென்றால் புதிய காயத்தில் புதிய தழும்பு வளர்ந்து, பிரித்த இடம் மறுபடியும் ஒட்டிக்கொள்ளும். அதேவேளை, சுற்றியிருந்த திசுவிலிருந்து பிரிக்கப்பட்ட நாண் சில வாரங்களுக்கு வலுக்குறைந்தே இருக்கும். தறியில் பாவு ஏற்றுவது போன்ற கனமான வேலையை அதற்குள் செய்தால் நாண் அறுந்துவிடக்கூடும். அசைக்க வேண்டும், பளு கூடாது. எத்தனை வாரம் விடுப்பு எடுக்க முடியும் என்பதை முன்கூட்டியே மருத்துவரிடம் பேசி, அதற்கேற்ப நாள் குறித்துக்கொள்ளுங்கள். விடுப்புக்கு வழியில்லாத மாதத்தில் இந்த அறுவையைச் செய்துகொள்வதைவிடத் தள்ளிப்போடுவது நல்லது என்பது என் கருத்து.

கேள்வி: நான் செவிலியர் படிப்பு மாணவி. டெனாட்டமி, டெனோராஃபி, டெனோடெசிஸ், டெனாலிசிஸ் ஆகிய நான்கையும் குழப்பிக்கொள்கிறேன். டெனாலிசிஸ் தசைநாண் விடுவிப்பு என்றால், நியூராலிசிஸை நரம்பு விடுவிப்பு என்று எழுதலாமா?
(வாசகி, ஈரோடு)

பதில்: முன்பாதி நான்கிலும் ஒன்றே, பின்பாதியைப் பிடித்துக்கொண்டால் போதும். டெனாட்டமி தசைநாணை வெட்டுவது. பிறவியிலேயே பாதம் உட்புறமாக வளைந்த குழந்தைகளுக்கு, பொன்செட்டி முறைப்படி மாவுக்கட்டுப் போட்டுத் திருத்தி வரும்போது, குதிகால் நாணைச் சிறு துளை வழியே வெட்டிவிடுவது இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. டெனோராஃபி தைப்பது. டெனோடெசிஸ் நாணை எலும்பு போன்ற ஓரிடத்தில் பிணைத்துக் கட்டுவது. பொருளளவில் அது டெனாலிசிஸுக்கு நேர் எதிர். நாணை ஓரிடத்திலிருந்து எடுத்து வேறொரு வேலைக்குப் பொருத்தும் தசைநாண் மாற்றம் இந்த நான்கிலும் சேராது. தொழுநோயால் முடங்கிய கைகளுக்கு வேலூரில் அதைச் செய்து உலகறியச் செய்த பால் பிராண்ட், 1914ஆம் ஆண்டு நம் நாமக்கல் மாவட்டத்துக் கொல்லிமலையில் பிறந்தவர் என்பதைக் கொங்கு நாட்டு மாணவியான உங்களுக்குச் சொல்லாமல் விட மனம் வரவில்லை.

நியூராலிசிஸ் பற்றிய உங்கள் ஐயம் மிக நுட்பமானது. அந்தச் சொல் மருத்துவத்தில் ஒன்றுக்கொன்று முரணான இரண்டு பொருள்களில் வழங்குகிறது. கை அறுவையில், தழும்புக்குள் சிக்கிய நரம்பை அதிலிருந்து பிரித்து விடுவிப்பது நியூராலிசிஸ். அங்கே ‘நரம்பு விடுவிப்பு’ சரியாகப் பொருந்தும். வலி மருத்துவத்திலோ, புற்றுநோயின் தாங்க முடியாத வலியைக் குறைப்பதற்காக ஆல்கஹாலையோ ஃபீனாலையோ செலுத்தி நரம்பைச் செயலிழக்கச் செய்வதற்கும் அதே பெயர்தான். அங்கே விடுவிப்பு என்று எழுதினால் பொருள் தலைகீழாகிவிடும், ‘நரம்பு அழிப்பு’ என்றுதான் எழுத வேண்டும். எந்தத் துறையின் குறிப்பு, எந்தக் கருவி அல்லது மருந்து பயன்பட்டது என்று பார்த்த பிறகே தமிழாக்குங்கள். டெனாலிசிஸில் இந்த இரட்டைப் பொருள் இல்லை. நாணை அழிப்பதற்கு யாரும் அந்தச் சொல்லை வழங்குவதில்லை.

எழுதும்போது அந்தச் சொல்லைத் தனியாக விடாதீர்கள். ஃபிளெக்சர் டெனாலிசிஸ் என்றால் உள்ளங்கைப் பக்கத்து மடக்கு நாண். எக்ஸ்டென்சர் டெனாலிசிஸ் என்றால் புறங்கைப் பக்கத்து நீட்டு நாண். புறங்கை எலும்பு முறிந்து தகடு வைத்த இடங்களில் நீட்டு நாண் ஒட்டிக்கொள்வது அடிக்கடி நேர்வது. எந்தக் கை, எந்த விரல், எந்தப் பக்கம் என்ற மூன்றும் இல்லாத குறிப்பு முழுமையான குறிப்பாகாது.

கேள்வி: பனியன் கம்பெனியில் டெய்லராக இருக்கிறேன். காலையில் எழுந்தவுடன் மோதிரவிரல் மடங்கியபடியே மாட்டிக்கொள்கிறது. நீட்டினால் சொடுக்கென்று விடுகிறது. இதற்கும் டெனாலிசிஸ்தான் செய்வார்களா?
(வாசகர், திருப்பூர்)

பதில்: இல்லை. நீங்கள் சொல்லும் அறிகுறிகள் ட்ரிக்கர் ஃபிங்கர் என்பதோடு பொருந்துகின்றன. அதில் நாண் எங்கும் ஒட்டிக்கொள்வதில்லை. தடித்துப்போன நாண், உள்ளங்கையில் விரல் தொடங்கும் இடத்திலுள்ள முதல் வளையத்துக்குள் நுழைய முடியாமல் சிக்கிக்கொள்கிறது. ஓய்வு, விரலுக்கு அணைகட்டை, வளையத்தருகே ஸ்டீராய்டு ஊசி என்று படிப்படியாகப் பார்த்துவிட்டு, சரியாகாவிட்டால் அந்த முதல் வளையத்தை மட்டும் வெட்டித் திறந்துவிடுவார்கள். சோமனூர் வாசகருக்குச் சொன்ன இரண்டாவது, நான்காவது வளையங்கள் அப்படியே இருப்பதால் நாண் எழும்பி நிற்பதில்லை. இதையும் பேச்சுவழக்கில் ‘ரிலீஸ்’ என்று சொல்வதால்தான் இரண்டையும் ஒன்றாக நினைக்கிறார்கள். இங்கே திறக்கப்படுவது வளையம், நாணில் கத்தி படுவதில்லை. நீரிழிவு உள்ளவர்களுக்கு இது கூடுதலாக வருகிறது. சர்க்கரை அளவைப் பார்த்து வெகுநாளாகியிருந்தால் கையைக் காட்டப் போகும்போதே அதையும் பார்த்துவிடுங்கள்.