180 நாள் வேலை செய்தால் நிரந்தரமா?

கேள்வி: கொழும்பு புறக்கோட்டையில் ஒரு புடவை மொத்தக் கடையின் ஸ்டோர்ஸில் ஆறு வருடமாக வேலை செய்கிறேன். நாற்பது பேர் இருக்கிறோம். எனக்கு நாட்சம்பளம். சனிக்கிழமையில் வவுச்சரில் கையெழுத்து வைத்து வாங்குவேன். ஐந்து மாதத்துக்கு ஒரு தடவை பத்து நாள் வீட்டில் நிற்கச் சொல்லிவிட்டுத் திரும்ப எடுப்பார்கள். ஈ.பி.எஃப். (ஊழியர் சேமலாப நிதி) கடைசி இரண்டு வருடமாகத்தான் கட்டுகிறார்கள். 180 நாள் முடிந்தால் நிரந்தரம் ஆக்க வேண்டும் என்று கேள்விப்பட்டுப் போன கிழமை முதலாளியிடம் கேட்டேன். இப்போது புது நியமனக் கடிதம் தருவதற்கு என்று சொல்லி, சிங்களத்தில் டைப் அடித்த ஒரு தாளில் மேனேஜர் கையெழுத்துக் கேட்கிறார். போட்டோ அனுப்பியிருக்கிறேன். என்ன செய்வது? (வத்தளை வாசகர்)

பதில்: கையெழுத்து வைக்காதீர்கள். மற்றதெல்லாம் அப்புறம்.

போட்டோவைப் பார்த்தேன். மேலே நியமனம் பற்றி இரண்டு வரி இருக்கிறது. கீழே, "சொந்த விருப்பத்தில் இன்றுடன் விலகுகிறேன், எனக்கு வரவேண்டிய பாக்கி எதுவும் இல்லை" என்று எழுதியிருக்கிறார்கள். இதை ஏன் கேட்கிறார்கள் என்பது 180 நாள் கதையோடு சேர்ந்தது.

அந்தக் கதை இரண்டு இடத்திலிருந்து வந்து கலந்துவிட்டது. ஒன்று, அரச நிறுவனங்களில் 180 நாள் முடித்த தற்காலிக, அமய (கேஷுவல்) ஊழியர்களுக்கு நிரந்தர நியமனம் கொடுக்க வந்த 2014ஆம் ஆண்டின் 25ஆம் இலக்கச் சுற்றறிக்கை. அது தனியார் கடைக்குப் பொருந்தாது. மற்றது 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்க, ஊழியரை வேலையிலிருந்து நிறுத்துவது பற்றிய சட்டம். பதினைந்து பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் இடத்தில், பன்னிரண்டு மாதத்துக்குள் 180 நாள் வேலை செய்தவரை, ஒழுக்காற்றுக் காரணம் இல்லாமல் நிறுத்துவதென்றால் அவருடைய எழுத்து மூலச் சம்மதம் வேண்டும். இல்லாவிட்டால் தொழில் திணைக்களத்தில் இருக்கும் தொழில் ஆணையாளரின் அனுமதி வேண்டும். ஆகவே 180 நாள் உங்களை நிரந்தரம் ஆக்காது, ஆனால் இலேசில் வெளியே தள்ள விடாது. அந்தத் தாள் கேட்பது அதே சம்மதத்தைத்தான்.

"அமய" என்று கடிதத்தில் எழுதிவிட்டால் வேலை அமயம் ஆகிவிடாது. தீபாவளிக்கும் சித்திரைப் புத்தாண்டுக்கும் புறக்கோட்டையில் கூடுதலாக ஆள் எடுப்பார்களே, அது அமய வேலை. ஆறு வருடமாக அதே கட்டுகளை அதே தட்டில் அடுக்குவது எப்படி அமயம்? பத்து நாள் இடைவெளியும் வேண்டுமென்றே வைத்தது என்று வாதாடலாம்.

வேலையில் இருந்துகொண்டே "நிரந்தரம் ஆக்கு" என்று தொழில் நியாய சபைக்கு (லேபர் ட்ரிபியூனல்) போக முடியாது. அது தொழிற்பிணக்காக, அதாவது முதலாளி தொழிலாளி தகராறாக, தொழில் திணைக்களத்துக்குப் போய், சமரசம் சரிவராவிட்டால் அமைச்சர் மத்தியஸ்தத்துக்கு அனுப்ப வேண்டும். இழுபடும். உங்களைப்போல வேறு ஆட்களும் சேர்ந்தால் பலம்.

நான் என்றால் ஈ.பி.எஃப்.இலிருந்து தொடங்குவேன். அமய ஊழியருக்கும் முதல் நாளிலிருந்தே கட்ட வேண்டும். சம்பளத்தில் முதலாளி 12 சதவீதம், நீங்கள் 8, அதோடு ஈ.டி.எஃப். (ஊழியர் நம்பிக்கை நிதி) முதலாளியின் 3. பிந்தினால் 50 சதவீதம் வரை மேலதிகக் கட்டணம் ஏறும். முதல் நான்கு வருடம் கட்டவில்லை என்று நாரஹேன்பிட்டித் தொழில் திணைக்களத்தில் எழுதிக் கொடுங்கள். உத்தியோகத்தர் விசாரிக்கும்போது ஆட்கள் வேலைக்கு வந்த நாளைப் பதியும் வரவுப் புத்தகத்தைக் கடை காட்ட வேண்டியிருக்கும். ஆறு வருட வேலைக்கு அதைவிட நல்ல சாட்சி ஏது? இதற்கிடையில் வவுச்சர்களையும், "நாளைக்கு வா" என்று வந்த வாட்ஸ்அப் செய்திகளையும் போட்டோ எடுத்து வீட்டில் ஒருவருக்கு அனுப்பி வையுங்கள்.

நிறுத்திவிட்டால் ஆறு மாதத்துக்குள் ஆணையாளரிடமோ தொழில் நியாய சபையிடமோ போக வேண்டும். எது நல்லது என்பதை அன்று பார்ப்போம், ஆனால் நாளைத் தவற விடாதீர்கள். ஐந்து வருடம் தாண்டியதால் பணிக்கொடையும் (கிராஜுவிட்டி) உண்டு. நாட்சம்பளக்காரருக்கு வருடத்துக்குப் பதினான்கு நாள் சம்பளம்.

மேனேஜர் திரும்பவும் தாளை நீட்டினால் சண்டை பிடிக்க வேண்டாம். "எனக்குச் சிங்களம் வாசிக்க வராது, தமிழில் எழுதித் தாருங்கள், வீட்டில் காட்டிவிட்டு வருகிறேன்" என்று சொல்லுங்கள். தருகிறாரா பார்ப்போம்.