பி.ஜி. வராண்டா கேமராவும் ஆதார் ஜெராக்ஸும்

பெங்களூரு முருகேஷ்பாளையாவுல நீங்க வாடகைக்குத் தங்கியிருக்கிற பி.ஜி. (பேயிங் கெஸ்ட்) விடுதியில வராண்டா கேமரா உங்க ரூம் கதவையே பார்த்துக்கிட்டு இருக்கு, கதவு திறந்தா கட்டில் வரைக்கும் ஓனர் போன்ல தெரியுது, இதுல ஆதார் ஜெராக்ஸ் வேற கேக்குறாருன்னு எழுதியிருக்கீங்க.

கேமராவையே எடுக்கச் சொல்லாதீங்க, எடுபடாது. 2024-ல கோரமங்களா பி.ஜி. கொலைக்குப் பிறகு மாநகராட்சி போட்ட விதியிலேயே வாசலுக்கும் வராண்டாவுக்கும் கேமரா கட்டாயம், பதிவை 90 நாள் வச்சிருக்கணும். ஆனா அது ரூமுக்குள்ள எட்டிப் பார்க்க லைசென்ஸ் இல்ல. கோணத்தைத் திருப்பச் சொல்லுங்க. முடியாதுன்னா, நிறைய கேமரா செட்டிங்ஸ்ல 'பிரைவசி மாஸ்க்'னு ஒண்ணு இருக்கும்; கதவு வர்ற இடத்தை மட்டும் கறுப்பாக்கிடலாம். "டெக்னீஷியன் ஊர்ல இல்ல"ன்னு இழுப்பாங்க, விடாதீங்க. வாயால சொல்லாம, கேமராவுக்குக் கீழ நின்னு எடுத்த போட்டோவோட வாட்ஸ்அப்ல அனுப்பி வைங்க. பொண்ணு உடை மாத்தறதைப் பதிவு பண்ணா பி.என்.எஸ். (பாரதிய நியாய சன்ஹிதாங்கிற குற்றவியல் சட்டம்) 77-வது பிரிவுல குற்றம். அந்த நம்பரைச் சொன்னாலே பாதி ஓனருங்க ஏணியைத் தேடுவாங்க.

ஆதாருக்கு, அதைக் குடுக்கற அரசு அமைப்பான யு.ஐ.டி.ஏ.ஐ. தளத்துல 'மாஸ்க்டு ஆதார்' இறக்கிக் குடுங்க. கடைசி 4 எண்தான் தெரியும். நகல் மேல குறுக்கால "பி.ஜி.க்கு மட்டும்"னு தேதி போட்டு எழுதுங்க.

சட்டம் பேசினா முறைச்சாருன்னா, அந்தரங்கம் அடிப்படை உரிமைன்னு 2017-ல தீர்ப்பு வந்த வழக்கைப் போட்ட புட்டசாமி கர்நாடக ஹைகோர்ட் ரிடையர்டு ஜட்ஜ்தான்னு சொல்லுங்க. ஊர்ப் பெருமையிலயாவது இறங்கி வருவாரு.

அதுவரைக்கும் கதவுக்கு உள்பக்கம் ஒரு திரை போட்டுடுங்க.