லிங்க் கேட்டு அனுப்பிய மெயில், ஸ்பாமில் விழுந்த இன்வாய்ஸ்

மற்ற தளங்கள் நம் தளத்துக்கு லிங்க் (பேக்லிங்க்) கொடுத்தால் கூகுள் தேடலில் நம் இடம் உயர வாய்ப்பு உண்டு. அதற்காக முன்பின் தெரியாத தள உரிமையாளர்களுக்கு மெயில் போடுவது தனித் தொழிலாகவே வளர்ந்துவிட்டது. அதைப் பேக்கேஜாக விற்பவர்களும் பெருகிவிட்டார்கள். வாங்கி மாட்டிக்கொண்டவர்களும், வாங்கலாமா என்று யோசிப்பவர்களும் கேட்ட கேள்விகள் இந்த வாரம்.

கேள்வி: திருப்பூரில் பனியன் தயாரித்து ஆன்லைனில் விற்கிறோம், மொத்த ஆர்டரும் உண்டு. ஒரு டிஜிட்டல் மார்க்கெட்டிங் நிறுவனம் மாதம் 6,000 மெயில், 40 பேக்லிங்க் உத்தரவாதம் என்று பேக்கேஜ் கொடுத்தது. எங்கள் டொமைனிலேயே ஒரு மெயில் ஐடி உருவாக்கி அனுப்பினார்கள். மூன்றாவது வாரத்திலிருந்து நாங்கள் பையர்களுக்கு அனுப்பும் இன்வாய்ஸ், கொட்டேஷன் எல்லாம் ஸ்பாமில் விழுகிறது. இரண்டுக்கும் சம்பந்தம் உண்டா?

பதில்: உண்டு. ஜிமெயிலும் அவுட்லுக்கும் முக்கியமாகக் கவனிப்பது @ குறிக்குப் பின்னால் இருக்கும் டொமைனை. மார்க்கெட்டிங் ஐடி கெடுத்த பெயர் அக்கவுண்ட்ஸ் ஐடியையும் சேர்த்தே அடிக்கும். மாதம் 6,000 என்றால் வேலை நாளுக்குச் சுமார் 250 மெயில். அதுவரை தினமும் பத்து இருபது மெயில் போய்க்கொண்டிருந்த டொமைனிலிருந்து திடீரென்று 250 பாய்கிறது. பெறுபவர்களில் பெரும்பாலோர் பதில் எழுதுவதில்லை, சிலர் ஸ்பாம் பொத்தானை அமுக்குகிறார்கள், சில முகவரிகள் இல்லவே இல்லை. ஸ்பாம் வடிகட்டி சந்தேகப்படாமல் என்ன செய்யும்?

முதல் வேலை, இன்றே அதை நிறுத்துங்கள். அந்த ஐடியை முடக்கி, அவர்களிடம் இருக்கும் பாஸ்வேர்டுகளை மாற்றுங்கள். அப்புறம் உங்கள் கம்பெனி ஐடியிலிருந்து சொந்த ஜிமெயிலுக்கு ஒரு மெயில் அனுப்பி, கம்ப்யூட்டரில் திறந்து, மூன்று புள்ளியைத் தட்டி 'ஷோ ஒரிஜினல்' என்பதைப் பாருங்கள். மேலே எஸ்பிஎஃப், டிகேஐஎம், டிமார்க் என்று மூன்று வரி இருக்கும். மூன்றுக்கும் எதிரே 'பாஸ்' என்று வர வேண்டும்.

எஸ்பிஎஃப் என்பது உங்கள் பெயரில் மெயில் அனுப்ப எந்தெந்த சர்வருக்கு அனுமதி என்று டொமைனின் டிஎன்எஸ்ஸில், அதாவது டொமைனின் விவரங்களை இணையத்துக்குச் சொல்லும் பதிவேட்டில், எழுதி வைக்கும் ஒரு வரி. டிகேஐஎம், மெயிலோடு போகும் டிஜிட்டல் கையெழுத்து. இவை தவறினால் மெயிலை என்ன செய்யலாம் என்று பெறுபவருக்குச் சொல்வது டிமார்க். வெளியாட்கள் கை வைத்த டொமைனில் அடிக்கடி பார்க்கும் கோளாறு, ஏற்கெனவே ஒரு எஸ்பிஎஃப் வரி இருக்க, அவர்கள் தங்கள் சாஃப்ட்வேருக்காக இன்னொரு வரியைச் சேர்த்துவிட்டுப் போவது. ஒரே குடும்பத்துக்கு இரண்டு ரேஷன் கார்டு மாதிரிதான். இரண்டும் சேர்ந்து செல்லாமல் போய்விடும். ஒரு டொமைனுக்கு ஒரே எஸ்பிஎஃப் வரி, அதற்குள்தான் எல்லா அனுமதியும் இருக்க வேண்டும். அந்த வரியைப் படிக்க டிஎன்எஸ்ஸில் 10 முறைக்கு மேல் தேட வேண்டியிருந்தாலும் செல்லாது. எனவே அந்த நிறுவனம் சேர்த்ததை நீக்கச் சொல்லுங்கள்.

மூன்றும் சரியாக இருந்தும் ஸ்பாமுக்குப் போனால் கெட்டிருப்பது டொமைனின் நற்பெயர். அதைக் காசு கொடுத்து ஒரே நாளில் கழுவ முடியாது. வழக்கமான வியாபார மெயில் மட்டும் போகட்டும். முக்கியமான பையர்களுக்குப் போன் போட்டு, ஸ்பாமில் கிடப்பதை 'ஸ்பாம் இல்லை' என்று குறித்து, ஒரு வரி பதில் போட்டு, உங்கள் ஐடியைக் காண்டாக்டில் சேர்க்கச் சொல்லுங்கள். கூச்சமாக இருந்தாலும் பலன் தருவது இதுதான். சரியாக வாரக்கணக்கில் ஆகும். அதுவரை இன்வாய்ஸ் அனுப்பியதும் வாட்ஸ்அப்பில் ஒரு வரி சொல்லிவிடுங்கள்.

இன்னொன்றும் கேட்கத் தோன்றுகிறது. அடுத்தவர் தளத்தில் லிங்க் கிடைக்கும் என்று இவர்கள் எப்படி 40 என எண் போட்டு உத்தரவாதம் தர முடிந்தது? ஒன்று, அந்தத் தளங்கள் அவர்களுடையதாக இருக்க வேண்டும்; இல்லையென்றால் பணம் கைமாற வேண்டும். தேடலில் உயர்வதற்காக லிங்கை வாங்குவதும் விற்பதும் கூகுளின் ஸ்பாம் விதிகளின்படி மீறல். பணம் கொடுத்த லிங்கின் கோடில், கூகுளுக்கு அதைச் சொல்லும் 'ஸ்பான்சர்ட்' அல்லது 'நோஃபாலோ' குறி இருக்க வேண்டும். அந்தக் குறி இருந்தால் தரவரிசைக்கு அது உதவும் என்று எதிர்பார்க்க முடியாது. குறி போடாமல் விட்டால், கூகுள் கண்டுபிடித்து மதிப்பில்லாமல் ஆக்கிவிடலாம். மோசமான நிலையில் உங்கள் தளத்தின் மீதே நடவடிக்கை வரும். 'டிஏ 40க்கு மேல்' என்று விளம்பரத்தில் அடிக்கிறார்களே, அது 'டொமைன் அத்தாரிட்டி', தளத்தின் பலத்துக்கு மோஸ் என்ற நிறுவனம் போடும் மதிப்பெண், கூகுளின் அளவுகோல் அல்ல.

கேள்வி: அப்படியானால் லிங்க் கேட்பதற்கென்றே தனி டொமைன் வாங்கிவிட்டால் பிரச்சினை தீர்ந்ததா?

பதில்: பாதி தீரும். உங்கள் தளம் .காம் என்றால் அதே பெயரில் .இன் வாங்கலாம், வருடத்துக்குச் சில நூறு ரூபாய். எஸ்பிஎஃப், டிகேஐஎம், டிமார்க் மூன்றையும் போட்டு, அதை யாராவது டைப் செய்து பார்த்தால் முதன்மைத் தளத்துக்குப் போகும்படி வையுங்கள். ஒளிந்து வந்தவர் மாதிரி இருக்கக் கூடாது. சில வாரம் தெரிந்தவர்களோடு சாதாரண மெயில் பரிமாற்றத்துக்குப் பயன்படுத்திவிட்டு, பிறகு நாளுக்குப் பத்து என்று தொடங்குங்கள். இருபது முப்பதைத் தாண்ட வேண்டிய அவசியம் ஒரு சிறு தளத்துக்கு வராது என்பது என் கருத்து. நிறுவனங்களுக்கான கூகுளின் கட்டண மெயில் சேவையான வொர்க்ஸ்பேஸ் நாளுக்கு 2,000 வரை அனுமதிக்கிறதே என்பார்கள். அது உச்சவரம்பு, அவ்வளவுதான்.

மீதிப் பாதி எங்கே என்றால், மெயிலுக்குள் நீங்கள் வைக்கும் லிங்க் முதன்மைத் தளத்துக்குத்தானே போகிறது? வடிகட்டிகள் அனுப்பியவரை மட்டும் பார்ப்பதில்லை, உள்ளே இருக்கும் முகவரியையும் பார்க்கின்றன. ஸ்பாமில் அடிக்கடி தென்படும் டொமைன்களைத் தடுப்புப் பட்டியலில் போடும் ஸ்பாம்ஹாஸ் போன்ற அமைப்புகளும் இருக்கின்றன. அதனால் பத்து டொமைன் வாங்கி ஒவ்வொன்றாக எரித்துத் தள்ளலாம் என்று யாராவது யோசனை சொன்னால், எரிவதில் உங்கள் பெயரும் ஒன்று என்று அவரிடம் சொல்லுங்கள்.

கேள்வி: மாதச் சந்தாவில் 'வார்ம் அப்' சாஃப்ட்வேர் விற்கிறார்கள். வாங்கலாமா?

பதில்: வேண்டாம். பல கணக்குகள் தங்களுக்குள்ளேயே மெயில் அனுப்பி, பதில் போட்டு, ஸ்பாமிலிருந்து எடுத்துவிட்டு நடிக்கும் ஏற்பாடு அது. நாடகத்தைப் பிடிப்பதுதான் ஜிமெயிலின் வேலை. அந்தப் பணத்தில் ஒரு நல்ல கட்டுரைக்குப் படம் எடுக்கலாம்.

கேள்வி: 10,000 தள உரிமையாளர்களின் மெயில் ஐடி பட்டியல் மலிவாகக் கிடைக்கிறது.

பதில்: மலிவாகத்தான் கிடைக்கும், பலருக்கு விற்ற சரக்கு. அதில் இருப்பவர்கள் இதே மாதிரி மெயில்களால் ஏற்கெனவே கடுப்பில் இருப்பார்கள். வேலையை விட்டுப் போனவர்களின் ஐடிக்கு அனுப்பினால் '550 5.1.1', அதாவது அப்படி ஒரு முகவரியே இல்லை, என்று திரும்பி வரும். அது குவியக் குவிய, யாருக்கு அனுப்புகிறோம் என்றே தெரியாதவர் என்று நம்மைப் பற்றி ஜிமெயில் போன்ற மெயில் சேவைகள் முடிவு கட்டிவிடும். திரும்பி வராதவற்றிலும் வில்லங்கம் உண்டு. ஸ்பாம் அனுப்புபவர்களைப் பிடிப்பதற்கென்றே யாரும் பயன்படுத்தாத பொறி முகவரிகளை ஸ்பாம் தடுப்பு அமைப்புகள் இணையத்தில் விட்டு வைத்திருக்கும். விலைக்கு வாங்கிய பட்டியலில் அவை வந்து உட்காரும். நீங்களே தளத்தைத் திறந்து, கட்டுரையைப் படித்து, எழுதியவரின் ஐடியைத் தேடி எடுப்பதுதான் வழி. 'இன்ஃபோ' என்று தொடங்கும் பொது ஐடியை விட அது மேல்.

கேள்வி: ஈரோட்டிலிருந்து மாடித்தோட்டம் பற்றி ஒரு தளம் நடத்துகிறேன். பட்டியலெல்லாம் வாங்கவில்லை, நானே தேடித்தான் அனுப்புகிறேன். 'தங்கள் வலைத்தளம் மிக அருமை. எங்கள் உயர்தரக் கட்டுரைக்கு லிங்க் கொடுத்தால் இருவருக்கும் பயன்' என்று எழுதுகிறேன். யாருமே பதில் போடுவதில்லை.

பதில்: அந்த மெயிலை மாடித்தோட்டக்காரருக்கும் அனுப்பலாம், மார்பிள் கடைக்காரருக்கும் அனுப்பலாம், ஒரு எழுத்தும் மாற்ற வேண்டாம். கோளாறு அங்கேதான். படித்துவிட்டுத்தான் எழுதுகிறீர்கள் என்பதற்கு அதில் ஒரு தடயமும் இல்லை. இப்படி எழுதிப் பாருங்கள்:

'வணக்கம். செம்பருத்தியில் மாவுப்பூச்சி பற்றி நீங்கள் எழுதிய கட்டுரையில், வேப்பெண்ணெய்க் கரைசல் அளவுக்குக் கொடுத்த லிங்க் இப்போது திறக்கவில்லை, 404 என்று வருகிறது. நானும் ஈரோட்டில் மாடித்தோட்டம் போட்டிருக்கிறேன். அதே கரைசலை எவ்வளவு தண்ணீருக்கு எவ்வளவு எண்ணெய், சோப்பு எப்போது சேர்ப்பது என்று படத்தோடு எழுதி வைத்திருக்கிறேன். உங்கள் வாசகர்களுக்கு உதவும் என்று தோன்றினால் சொல்லுங்கள், முகவரி அனுப்புகிறேன். இல்லாவிட்டாலும் அந்த லிங்கை மட்டும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.'

கீழே உங்கள் முழுப் பெயர், ஊர், தளத்தின் பெயர். லோகோ, பேனர், பிடிஎஃப் எதுவும் வேண்டாம். முதல் மெயிலில் லிங்கே இல்லை என்பதைக் கவனியுங்கள். அவர் 'அனுப்புங்கள்' என்று ஒரு வார்த்தை பதில் போட்டால் போதும், அதற்குப் பிறகு உங்கள் மெயில் அவருக்குத் தெரிந்தவரின் மெயில். பதில் வராவிட்டால் ஒரு வாரம் கழித்து, அதே மெயிலின் தொடர்ச்சியாக, இரண்டு வரியில் ஒரே ஒரு நினைவூட்டல். அத்தோடு விட்டுவிடுங்கள். ஐந்தாவது, ஆறாவது நினைவூட்டலைத் தானாக அனுப்பும் சாஃப்ட்வேர்தான் மனிதர்களை ஸ்பாம் பொத்தான் பக்கம் தள்ளுகிறது. ஏற்கெனவே பேசிக்கொண்டிருந்தது போல, பதில் மெயிலில் வரும் 'Re:' என்பதைத் தலைப்பில் போட்டு ஏமாற்றும் வழக்கமும் உண்டு. மெயிலைத் திறப்பார், திறந்த கையோடு புகார் கொடுப்பார்.

யார் திறந்தார்கள் என்று காட்டும் டிராக்கிங்கையும் அணைத்துவிடுங்கள். கண்ணுக்குத் தெரியாத படம் ஒன்றை மெயிலில் ஒளித்து வைத்துத்தான் அதைக் கணக்கிடுகிறார்கள். 2021இல் ஐஃபோன் மெயிலில் ஆப்பிள் கொண்டுவந்த பாதுகாப்பு, ஆள் திறக்காவிட்டாலும் படத்தை முன்கூட்டியே இறக்கி வைத்துவிடுகிறது. எனவே 'எழுபது சதவீதம் பேர் திறந்தார்கள்' என்று யாராவது ரிப்போர்ட் கொடுத்தால் மகிழ வேண்டாம். எத்தனை பேர் பதில் எழுதினார்கள் என்று மட்டும் எண்ணுங்கள்.

கேள்வி: நாளுக்கு 5,000 மெயிலுக்கு மேல் அனுப்புபவர்களுக்குத்தான் புது விதி, நமக்கு இல்லை என்கிறார்களே?

பதில்: அரைகுறையான தகவல். கூகுளும் யாஹூவும் 2024 பிப்ரவரியில் கொண்டுவந்த விதியில், எஸ்பிஎஃப் அல்லது டிகேஐஎம் எல்லாருக்கும் கட்டாயம். ஜிமெயில் கணக்குகளுக்கு நாளுக்கு 5,000 தொட்டவர்களுக்கு இரண்டும் வேண்டும், டிமார்க்கும் வேண்டும், விளம்பர மெயிலில் ஒரே தட்டில் விலகும் வசதியும் வேண்டும். 2025 மேயிலிருந்து அவுட்லுக்கும் 5,000 தாண்டுபவர்களிடம் எஸ்பிஎஃப், டிகேஐஎம், டிமார்க் மூன்றையும் கேட்கிறது. துணை டொமைன்களில் போவதும் முதன்மை டொமைனின் கணக்கில்தான் சேரும்.

புகார் விகிதம் 0.1 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும், 0.3ஐத் தொடவே கூடாது என்கிறது கூகுள். நாளுக்கு 40 மெயில் அனுப்புபவருக்கு ஒரே ஒருவர் ஸ்பாம் என்று அமுக்கினால் அது 2.5 சதவீதம். இவ்வளவு குறைவாக அனுப்பினால் புகார் விகிதத்தை அனுப்புபவருக்குக் காட்டும் கூகுளின் போஸ்ட்மாஸ்டர் டூல்ஸ் எண்களைக் காட்டவும் காட்டாது. அதனால் சின்ன அளவில் அனுப்புபவர் இன்னும் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும்.

கேள்வி: பேக்கேஜுக்குக் கொடுத்த பணத்தைத் திரும்பக் கேட்டு நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாமா?

பதில்: கம்பெனிக்காக வாங்கிய சேவை என்றால் கடினம். 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், வணிக நோக்கத்துக்காகச் சேவை பெறுபவரை நுகர்வோர் வரையறைக்கு வெளியே வைத்திருக்கிறது. 1915 என்ற தேசிய உதவி எண்ணில் பேசிப் பார்க்கலாம். ஆனால் உங்கள் பலம் ஒப்பந்தத்தில்தான். எந்த டொமைனிலிருந்து போகும், நாளுக்கு எத்தனை, பட்டியலையும் வாசகத்தையும் அனுப்பும் முன் காட்டுவார்களா, தள உரிமையாளருக்குப் பணம் கொடுக்கிறார்களா, சந்தாவை நிறுத்தினால் லிங்க் போய்விடுமா என்பதற்கெல்லாம் எழுத்தில் பதில் வாங்குங்கள். ஆறு மாதப் பணத்தை முன்கூட்டியே கட்டாதீர்கள். இவற்றுக்கு மழுப்பினால் அங்கேயே எழுந்து வந்துவிடலாம்.

கேள்வி: வெளிநாட்டுத் தளங்களுக்கு அனுப்பினால் சட்டப் பிரச்சினை வருமா?

பதில்: நாட்டைப் பொறுத்தது. அமெரிக்காவில் 2003ஆம் ஆண்டின் கேன்-ஸ்பாம் சட்டம் வியாபார மெயிலை முன் அனுமதி இல்லாமல் அனுப்ப விடுகிறது. ஆனால் தலைப்பில் ஏமாற்றக் கூடாது, உங்கள் தபால் முகவரி இருக்க வேண்டும், வேண்டாம் என்றவரை 10 வேலை நாளுக்குள் நீக்க வேண்டும். கனடாவில் சம்மதம் வேண்டும். தளத்தில் வெளிப்படையாகப் போட்டிருக்கும் ஐடிக்கு, அவர் தொழிலோடு தொடர்புடைய விஷயமாக எழுதுவதற்குச் சில நிபந்தனைகளோடு இடம் உண்டு. ஜெர்மனியில் விளம்பர மெயில் என்றால் நிறுவனத்துக்கு அனுப்புவதற்கும் முன் சம்மதம் கேட்கிறது சட்டம். உங்கள் பட்டியலில் .டிஇ என்று முடியும் முகவரிகள் இருந்தால் முதலில் அவற்றை எடுத்துவிடுங்கள்.